சாம்பர் ஏரிக்கு வர வேண்டிய தண்ணீர்: ராஜஸ்தான் மாநில ஈரநில ஆணையத்துக்கு ஒரு திறந்த மடல்

மதிப்புக்குரிய ஆணையத் தலைவருக்கும் உறுப்பினர்களுக்கும் வணக்கம்.

நான் வேதாரண்யத்துக்காரி. அப்பா உப்பளத்தில் வேலை பார்த்தவர். பாத்தியில் உப்பு வாரும் ஆட்களையும், கோடியக்கரைச் சேற்றில் தலைகீழாக அலகை விட்டு மேயும் பூநாரைகளையும் பார்த்து வளர்ந்தவள். ஜெய்ப்பூருக்கு மேற்கே உள்ள உங்கள் சாம்பர் ஏரிக்கு இரண்டு முறை வந்திருக்கிறேன். இரண்டாவது முறை திரும்பி ரயிலேறியபோது இதை எழுதாமல் இருக்க முடியாது என்று தோன்றியது. யோசிப்பது தமிழில் என்பதால் தமிழிலேயே எழுதுகிறேன். இந்தியில் ஒரு பிரதி உங்கள் அலுவலகத்துக்குத் தபாலில் வரும்.

நான் கேட்பது, ஏரிக்கு வர வேண்டிய ஆற்றுத் தண்ணீர் ஏரிக்கு வர வழி செய்யுங்கள் என்பதுதான். ஏரிக்குப் பக்கத்து ஊரான ஃபுலேராவில் டீ குடித்துக்கொண்டிருந்தபோது ஒரு பெரியவரிடம் இதைச் சொன்னேன். "உப்பு ஏரிக்கு எதுக்கும்மா நல்ல தண்ணி?" என்று கேட்டார். அவர் கேட்டதில் தப்பில்லை. எங்கள் ஊரிலும் உவர்மண்ணைக் களர் என்று சொல்லி ஒதுக்கிவிடுவார்கள். ஆனால் அதிகாரத்தில் இருப்பவர்கள் மனசிலும் அதே எண்ணம் இருந்தால் அந்த ஏரி பிழைக்காது.

வடக்கிலிருந்து மேந்தா ஆறும் தெற்கிலிருந்து ரூபன்கட் ஆறும் ஏரிக்கு வருகின்றன. இன்னும் சில சிற்றாறுகளும் உண்டு. எல்லாம் மழைக்காலத்தில் மட்டும் ஓடுபவை. ஏரியிலிருந்து வெளியே போக வழி கிடையாது. வந்த தண்ணீரை வெயில் குடித்துவிடும், அதில் கரைந்திருந்த உப்பு தங்கிவிடும். நல்ல மழை ஆண்டில் 3 மீட்டர் வரை ஆழம் நிற்கும் இடங்களில் கோடையில் முழங்கால் அளவுகூட இருக்காது. ஏறக்குறைய 35 கிலோமீட்டர் நீளமுள்ள ஏரி, இப்படி வருஷா வருஷம் நிறைந்து வற்றித்தான் உயிர் வாழ்கிறது.

இந்த உப்பு எங்கிருந்து வந்தது என்ற கேள்வி பழையது. 1909ல் ஹாலந்து, கிறிஸ்டி என்ற இரண்டு ஆய்வாளர்கள், கட்ச் வளைகுடாப் பக்கத்து ரண் உவர்நிலத்திலிருந்து கோடையில் வீசும் தென்மேற்குக் காற்றுதான் உப்புத் தூளை அள்ளிக்கொண்டு வருகிறது என்று எழுதினார்கள். பின்னால் வந்தவர்களில் பலர், ஆரவல்லிப் பாறைகள் சிதைந்து அந்த உப்புகள் ஆற்றோடு வந்து சேர்வதையே முக்கியமாகச் சொன்னார்கள். எனக்கு இதைவிட நெருக்கமாக இருப்பது ஏரியின் அடிச்சேற்றைப் படித்த குர்தீப் சிங்கின் வேலை. சாம்பரிலும், ராஜஸ்தானின் மற்ற உப்பு ஏரிகளான தித்வானாவிலும் லூன்கரன்சரிலும் சேற்றில் புதைந்து கிடந்த மகரந்தத் தூளை அடுக்கடுக்காக எடுத்துப் பார்த்து, தார்ப் பாலைவனத்தில் ஈரமான காலமும் வறண்ட காலமும் மாறி மாறி வந்ததை 1970களில் அவரும் உடன் உழைத்தவர்களும் காட்டினார்கள். தானியப் பயிர் போன்ற செடிகளின் மகரந்தமும் கரித்துகள்களும்கூட அதில் இருந்தன. பல்லாயிரம் வருஷத்து மழைக்கணக்கு அந்தச் சேற்றில் இருக்கிறது. அங்கேதான் இப்போது ஆழ்துளைக் குழாய்களை இறக்குகிறார்கள்.

சாகம்பரி தேவி கோயிலில் ஓர் அம்மா எனக்குச் சொன்ன கதையை நீங்கள் சிறு வயதிலிருந்தே கேட்டிருப்பீர்கள். தேவி அங்கிருந்த காட்டை வெள்ளி விளையும் வெளியாக்கிக் கொடுத்தாளாம். வெள்ளிக்காக வெட்டிக்கொள்வார்களே என்று பயந்த மக்கள், வேண்டாம் தாயே என்று கும்பிட, அவள் அதை உப்பாக மாற்றினாளாம். சொல்லி முடித்துவிட்டு அந்த அம்மா ஏரிப் பக்கம் கையைக் காட்டி, "உப்புக்கும் சண்டை வந்துவிட்டது" என்றார்.

உப்புக்கான சண்டை புதிதும் இல்லை. ஜெய்ப்பூரும் ஜோத்பூரும் பங்கு போட்டுக்கொண்டிருந்த ஏரியை 1870ல் பிரிட்டிஷார் குத்தகைக்கு எடுத்தார்கள். அதுவரை உப்பு வரிக்காகவே இந்தியாவின் குறுக்கே முள்மரங்களை வளர்த்து வேலி போட்டு, ஆயிரக்கணக்கான காவலாட்களை நிறுத்தியிருந்தார்கள். ராஜபுதனத்து உப்பு கைக்கு வந்ததும் விளையும் இடத்திலேயே வரியைப் பிடிக்க முடிந்தது. 1879ல் அந்த வேலியைக் கைவிட்டார்கள். ஏரியின் குறுக்கே 5 கிலோமீட்டருக்கு ஓடும் கல் அணையின் மேற்கே பெரிய நீர்ப்பரப்பு, கிழக்கே உப்புக்கான தேக்கங்களும் நீங்கள் க்யார் என்று சொல்லும் பாத்திகளும். சரி, அந்த ஏற்பாட்டில் ஓர் ஒழுங்கு இருந்தது. மழைத் தண்ணீர் மேற்கில் நின்று உவர்ப்பு ஏறியபின் மதகு வழியாகக் கிழக்கே போகும். மழை தருவதற்கு மேல் உப்பு எடுக்க முடியாது.

ஆழ்துளைக் கிணறு அந்த ஒழுங்கை உடைத்துவிட்டது. ஏரிப் படுகையிலும் கரையிலும் துளை போட்டு, அடியில் இருக்கும் உவர்நீரை மோட்டார் வைத்து இழுத்து, நீளமான குழாய்களில் தனியார் பாத்திகளுக்குக் கொண்டுபோகிறார்கள். அனுமதி இல்லாமல் நடக்கும் வேலை. தேசியப் பசுமைத் தீர்ப்பாயம்வரை போன விஷயம், உங்களுக்குத் தெரியாததல்ல. உப்பள வீட்டுப் பெண் என்பதால் சொல்கிறேன்: அடிநீர் இறங்கிப்போன படுகையில் மேலே வரும் கொஞ்ச மழையும் நிற்காது. பூநாரைக்கும் நிற்காது, நேர்மையாக உப்பு எடுப்பவருக்கும் நிற்காது.

மேலே ஆறுகளில் தடுப்பணைகள் பெருகிவிட்டன. அந்த வறண்ட பூமியில் விவசாயி தண்ணீரைத் தடுத்து வைப்பதைக் குற்றம் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. இருக்கிற அணைகளை இடிக்கச் சொல்லவும் இல்லை. முதல் வெள்ளத்தில் ஏரிக்கு இவ்வளவு பங்கு என்று யாராவது ஒருவர் முடிவு செய்ய வேண்டும். அந்த ஒருவர் நீங்கள்தான்.

அந்தத் தண்ணீரை நம்பித்தான் எல்லாமே இருக்கிறது. ஸ்பைருலினா என்ற நுண்பாசி அதில்தான் வளரும். சிறு பூநாரைக்கு அதுதான் சாப்பாடு, அதன் இறகுக்கு நிறம் கொடுப்பதும் அதுதான். தண்ணீர் குறைந்து உவர்ப்பு மிகவும் ஏறிவிட்டால், ஏரியைச் சிவப்பாக்கும் துனாலியெல்லா என்ற நுண்பாசி போன்ற சில உயிர்கள் மட்டும் தாக்குப்பிடிக்கும். முற்றிலும் காய்ந்துவிட்டால் அதுவும் கிடையாது. 1990ல் இந்த ஏரியை, உலக அளவில் முக்கியமான ஈரநிலங்களுக்கான ராம்சார் பட்டியலில் சேர்த்ததே குளிர்காலத்தில் வடக்கேயிருந்து இறங்கும் பறவைகளை நினைத்துத்தானே.

2019 நவம்பரை நான் மறக்க மாட்டேன். அந்த ஆண்டு நல்ல மழை. வெகுநாள் கழித்துத் தண்ணீர் பரந்து நின்றது, பறவைகளும் நம்பி வந்தன. அப்புறம் கரையெல்லாம் பிணங்கள். 18,000க்கும் மேல் என்று கணக்கு வந்தது. பரேலியில் உள்ள இந்தியக் கால்நடை ஆராய்ச்சி நிறுவனம் அதைப் பறவை பொட்டுலிசம் என்று உறுதி செய்தது. மண்ணில் உறங்கிக் கிடக்கும் ஒரு பாக்டீரியா, காற்றில்லாத இடத்தில், அழுகும் உடலில் விழித்து நஞ்சை உண்டாக்குகிறது. அந்த உடலில் நெளியும் புழுக்களுக்கு நஞ்சு ஒன்றும் செய்யாது. புழுவைத் தின்னும் பறவைக்கு முதலில் காலும் இறக்கையும் விழுந்துவிடும், பிறகு கழுத்து நிற்காது. தலையைத் தூக்க முடியாமல் நாலு விரல் தண்ணீரில் மூழ்கிச் சாகும். அதன் உடலில் மறுபடி புழு. ஒரு பிணம் பத்துப் பிணமாவது இப்படித்தான். தட்டைவாயன் வாத்துகள் கூட்டம் கூட்டமாகப் போயின. உப்புக்கொத்திகளும் செத்தன. பேரிலேயே உப்பை வைத்து நாங்கள் கூப்பிடும் சின்னப் பறவை அது.

பிணங்களை முதல் நாளே அள்ளிப் புதைத்திருந்தால் அந்தச் சங்கிலி அறுந்திருக்கும். 2024லும் அதே நோய் வந்தது. அந்த முறை சாவு நூற்றுக்கணக்கில்தான். ஆனாலும் அக்டோபரிலிருந்து தினமும் கரையைச் சுற்றி வர நிரந்தரமாக ஆட்கள் வேண்டும். சாவு வந்தபின் கூட்டுகிற கூட்டம் போதாது. உப்பளத் தொழிலாளிகளையே அதற்குச் சம்பளம் கொடுத்து வைத்துக்கொள்ளலாம். ஏரியின் ஒவ்வொரு வளைவும் அவர்களுக்குத்தான் தெரியும்.

கடைசியாக, சட்டம். 2017ஆம் ஆண்டு ஈரநில விதிகள், உப்பு உற்பத்திக்கென்றே மனிதர் கட்டிய அமைப்புகளை ஈரநிலம் என்ற வரையறையிலிருந்து விலக்கி வைக்கின்றன. எங்கோ கடலோரத்தில் தனியாகக் கட்டிய பாத்திக்கு அது பொருந்தலாம். சாம்பரிலோ பாத்தி இருப்பது ஏரியின் வயிற்றில். படுகையில் யாரோ வரப்புப் போட்டுவிட்டு இது உப்பளம், ஏரி இல்லை என்று வாதாட அந்த வரி இடம் கொடுக்கக் கூடாது. ஈரநிலத்தைப் பாதிக்கும் சுற்றுப்பகுதியை வரையறுத்து, அங்கே எது கூடும் எது கூடாது என்று பட்டியல் போடுவதும் அதே விதிகளின்படி நடக்க வேண்டியதுதான். மேந்தாவும் ரூபன்கட்டும் புறப்படும் இடம்வரை அந்த எல்லைக்குள் கொண்டுவாருங்கள்.

தென்மேற்குப் பருவமழை அங்கே ஜூன் கடைசியில், ஜூலை தொடக்கத்தில் இறங்கும். அதற்குள் படுகையில் உள்ள கள்ளக் குழாய்களைப் பிடுங்கி, இரண்டு ஆறுகளும் ஏரியைத் தொடும் இடத்தில் ஓர் அளவுகோல் நட்டு, எவ்வளவு தண்ணீர் வந்தது என்று ஊர்க்காரர்கள் படிக்கும்படி எழுதி வையுங்கள். டிசம்பரில் மறுபடி வருவேன். முதலில் அந்த அளவுகோலைப் பார்த்துவிட்டுத்தான் பறவை பார்க்கப் போவேன்.

இப்படிக்கு,
வேதாரண்யத்து உப்பளத் தொழிலாளியின் மகள்