நீளம் தெரியாத பருவம்

கல்லிடைக்குறிச்சி,
கார்த்திகை 10.

அன்புள்ள நண்பா,

நலம், நலமறிய ஆவல். நீ அனுப்பிய கதையின் முதல் பகுதியையும், அதனோடு இணைத்திருந்த பஞ்சாங்கக் குறிப்பையும் படித்து முடித்தேன். இங்கே பிசான நெல் நடவு முடியும் தறுவாயில் இருக்கிறது. ஆற்றிலும் தண்ணீர் குறைவில்லாமல் போகிறது. மற்றச் செய்திகளைத் தொலைபேசியில் பேசிக்கொள்ளலாம். இந்தக் கடிதம் உன் ஐந்தாம் பருவத்தைப் பற்றி மட்டுமே.

உன் கதையின் உலகில் நான்கு பருவங்கள் அளந்து வைத்தாற்போல் தலா 84 நாட்கள் ஓடுகின்றன. ‘அலைவு’ என்று நீ பெயரிட்டிருக்கும் ஐந்தாவது மட்டும் ஓராண்டில் 7 நாட்களில் முடிகிறது, மற்றோராண்டில் 60 நாட்களைத் தாண்டுகிறது. அது எப்போது முடியும் என்பது மலைத்தெய்வத்தின் விருப்பம் என்று ஒரே வரியில் சொல்லிவிட்டு நகர்ந்துவிட்டாய். தெய்வத்தின் விருப்பமாகவே இருக்கட்டும், அதில் எனக்கு மறுப்பில்லை. ஆனால் அந்த விருப்பம் முடிந்துவிட்டது என்று ஊருக்குச் சொல்வது யார்? உன் மாந்தர்கள் அலைவுக் காலத்தில் காற்றையும் இடியையும் கண்டு அஞ்சுகிறார்களே தவிர, கடன் கொடுத்தவனைக் கண்டு ஒருவர்கூட அஞ்சவில்லை என்பதுதான் எனக்கு உறுத்துகிறது.

நீ ஊரை விட்டுப் போய் வெகுகாலம் ஆகியிருந்தாலும் கார் பருவ நெல் சாகுபடியை மறந்திருக்க மாட்டாய். ஜூன் முதல் தேதி பாபநாசம் அணையைத் திறப்பது வழக்கம் என்றாலும், மலைக்கு அப்பால் தென்மேற்குப் பருவமழை தாமதித்தால் அந்தத் தேதிக்குப் பொருளில்லை. அந்த நாட்களில் டீக்கடைக்குப் போனால், நாளிதழில் அணை நீர்மட்டம் போட்டிருக்கும் மூலையை மட்டும் கிழியாத குறையாக விரலால் தேய்த்திருப்பார்கள். உச்ச நீர்மட்டம் 143 அடி என்பது எல்லோருக்கும் மனப்பாடம். இன்றைக்கு எத்தனை அடி என்பதே கேள்வி. நாற்றங்காலை உழுது போட்டவர் விதைநெல்லை ஊறப்போடலாமா வேண்டாமா என்று கோணியை அவிழ்ப்பதும் கட்டுவதுமாக இருப்பார். மேகம் மலையில் இறங்கினாலும் குற்றாலத்தில் சாரல் விழுந்தாலும் போதாது. ஆணை வந்து மதகு திறந்த பின்புதான் கன்னடியன் கால்வாயில் தண்ணீர் வரும், அதற்குப் பின்புதான் எங்களுக்குக் கார் தொடங்கும். கார் இல்லாமற்போன ஆண்டில் குத்தகை நெல் எத்தனை கோட்டை (நம் பக்கத்து நெல் அளவை) அளப்பது என்ற வழக்குத் தனிக்கதை. அத்தகைய ஒரு வழக்கு உன் நூலில் இருந்திருந்தால், மலைத்தெய்வத்தை நான் இன்னும் உறுதியாக நம்பியிருப்பேன்.

நிலையான மாதங்கள் என்று நாம் நினைப்பவையே அவ்வளவு நிலையானவை அல்ல. பூமி சூரியனுக்கு அருகே விரைந்து செல்லும் மார்கழிக்கு 29 அல்லது 30 நாட்கள்தான்; தொலைவில் மெல்ல நகரும் ஆனி 32 நாட்கள் வரை நீளும். சூரியன் ராசி மாறுவது சூரிய மறைவுக்கு முன் நிகழ்ந்தால் நமக்கு அன்றே மாதப்பிறப்பு. கேரளக் கணக்கிலோ பகலின் ஐந்தில் மூன்று பங்கு கழிவதற்குள் நிகழ்ந்தாக வேண்டும். ஆகவே பிற்பகலில் ராசி மாறினால், மலைக்கு இந்தப் பக்கம் மாதம் பிறந்துவிடும், அந்தப் பக்கம் மறுநாள்தான் பிறக்கும். மலைக்கு இந்தப் பக்கம் இருக்கும் செங்கோட்டை, 1956 நவம்பர் 1 வரை அந்தப் பக்கத்துத் திருவிதாங்கூர்-கொச்சி மாநிலத்தில் இருந்ததை எண்ணிப் பார். உன் மலையின் இருபுறத்திலும் இரண்டு ஊர்களை வைத்து, ஒன்றில் அலைவு முடிந்ததாகவும் மற்றொன்றில் முடியாததாகவும் அறிவிக்கச் செய்தால், தவணை கடந்த கடனாளி ஒருவன் இரவோடு இரவாகக் கணவாயைத் தாண்டி ஓடுவதற்கு நல்ல காரணம் கிடைத்துவிடும்.

அறிவிக்கும் அதிகாரம் எத்தனை பொல்லாதது என்பதற்குப் பழைய ரோமாபுரியே சான்று. அங்கே ஆண்டுக்கு நடுவே இடைமாதம் என்ற கூடுதல் மாதத்தைச் சேர்க்கும் உரிமை குருமார் குழுவிடம் இருந்தது. வேண்டியவர்கள் பதவியில் இருந்தால் ஆண்டை நீட்டுவதும், வேண்டாதவர்கள் இருந்தால் சேர்க்காமல் விடுவதுமாக நடந்தது என்பார்கள். குழப்பத்தைச் சரிசெய்ய ஜூலியஸ் சீசர் பொ.ஆ.மு. 46ஆம் ஆண்டை 445 நாட்கள் கொண்டதாக்க வேண்டியிருந்தது. உன் கோயில் தலைவியைக் குற்றமற்றவளாகப் படைத்திருக்கிறாய். அவள் ஒருமுறையேனும், நல்ல நோக்கத்துக்காகவே, அலைவை மூன்று நாள் நீட்டிப் பார்க்கட்டும்.

அதே நேரத்தில் எந்தப் பருவத்துக்கும் கட்டுப்படாத ஓர் எண்ணிக்கையும் அந்த மக்களுக்கு வேண்டும். இல்லையேல் சந்தை கூடாது. 1582இல் ஐரோப்பாவின் சில நாடுகள் நாட்காட்டியைத் திருத்தியபோது அக்டோபர் 4ஆம் தேதிக்கு அடுத்த நாள் 15 ஆனது. ஆயினும் வியாழனுக்குப் பின் வெள்ளிதான் வந்தது. இரண்டாவது நிலவைச் சும்மா வானத்தில் தொங்க விட்டிருக்கிறாயே, கிழமைக் கணக்கை அதனிடம் ஒப்படைத்துவிடு.

இன்னொன்று. நிலையான நான்கு பருவங்களில் ஒன்றாவது பொய்க்க வேண்டும். ஐப்பசியும் கார்த்திகையும்தான் அடைமழைக்காலம் என்று நம்பியிருந்த நமக்கு, 2023இல் மார்கழி பிறந்த அன்று, டிசம்பர் 17ஆம் தேதி, தொடங்கிய மழை என்ன செய்தது என்பதை நீ தொலைக்காட்சியில் பார்த்திருப்பாய். காயல்பட்டினத்தில் மட்டும் ஒரே நாளில் சுமார் 95 செ.மீ. பெய்தது. அலைவைக் கண்டு நடுங்கப் பழகியவர்கள் அறுவடைக்காலத்தில் அசந்திருப்பார்கள் அல்லவா, அங்கே அடி.

பெயர்களை மாற்றாதே, ‘அலைவு’ நன்றாக இருக்கிறது. அலைவில் பிறந்த குழந்தைக்கு வயது எண்ணும் முறையை மட்டும் எனக்குத் தனியாக விளக்கி எழுது. மூன்றாம் அத்தியாயத்தில் அந்தப் பெண்ணுக்கு ஓரிடத்தில் பதினாறு, ஓரிடத்தில் பதினெட்டு என்று வருகிறது. அடுத்த பகுதியை அச்செடுத்துத் தபாலில் அனுப்பு; கணினித்திரை என் கண்ணுக்கு ஒத்துக்கொள்ளவில்லை.

அன்புடன்,
உன் பழைய நண்பன்