‘எளிதில் பெறலாம்’ என்று யார் சொன்னது?

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

ரயிலிலிருந்து தவறி விழுந்து இறந்தவரின் குடும்பம் ‘உரிய ஆவணங்களோடு விண்ணப்பித்தால் ரூ. 8 லட்சத்தை எளிதில் பெறலாம்’ என்று போன இதழில் எழுதியிருக்கிறீர்கள். தொகை சரி, 2017 ஜனவரியிலிருந்து அதுதான். அந்த ‘எளிதில்’ வந்த பக்கத்தைத் தம்பி மனைவி கண்ணில் படாமல் எடுத்து வைத்துவிட்டேன்.

தம்பிக்கு டிக்கெட் வாங்கிக் கொடுத்ததும் நான்தான், முன்பதிவில்லாப் பெட்டியில் முட்டித் தள்ளி ஏற்றிவிட்டதும் நான்தான். சட்டைப் பையில்தான் வைத்தான். அந்தச் சட்டை பிணவறைக்குப் போனது, திரும்பி வரவில்லை. பிரேத விசாரணை அறிக்கையில் ‘பயணச்சீட்டு இல்லை’. யாருமே பார்க்காத சம்பவத்துக்கு எஃப்.ஐ.ஆரில் ‘தண்டவாளத்தைக் கடக்கும்போது’. எழுதியவருக்கு அரை நிமிடம் ஆகியிருக்கும், எங்களுக்கு நாலு வருஷம் ஆனது.

இழப்பீட்டு வழக்கை விசாரிக்கும் ரயில்வே உரிமைகோரல் தீர்ப்பாயத்தில் ரயில்வே வக்கீல் தம்பி மனைவியிடம் கேட்டது: குடிப்பாரா, வீட்டில் சண்டையா, கடன் இருந்ததா. தற்கொலை, போதை என்று ஆகிவிட்டால் ரயில்வே சட்டத்தின் 124ஏ பிரிவில் ஒரு பைசா தர வேண்டாம் அல்லவா? ரயில்வே மேல் தப்பு இருக்கிறது என்று நிரூபிக்கத் தேவையில்லை என்பதும் அதே பிரிவுதான், அதை அழகாக எழுதியிருக்கிறீர்கள். செத்தவன் மேல் தப்பில்லை என்று காட்ட நாங்கள் அலைந்த கதைதான் அதில் இல்லை.

டிக்கெட் கிடைக்கவில்லை என்பதாலேயே ஒருவரைப் பயணி இல்லை என்று தள்ளிவிட முடியாது, குடும்பம் பிரமாணப் பத்திரம் கொடுத்துவிட்டால் அப்புறம் அதை மறுத்து நிரூபிப்பது ரயில்வேயின் பாடு என்று 2018-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. உங்களுக்குத் தெரியாததா! எங்களுக்குத்தான் சொல்ல ஆளில்லை. பிணவறை வாசலில் கார்டு நீட்டிய வக்கீலின் ஆள் கமிஷனைத்தான் விளக்கினார். வாரிசுச் சான்றிதழ் ஆபீஸில் அம்மா பெயரில் ஓர் எழுத்து ஆதாரில் வேறாக இருக்கிறதென்று ஆறு தடவை நடக்கவிட்டார்கள், அது தனிக் கதை. முன்பதிவில்லாப் பெட்டிகளில் ஆள் தொங்குகிறார்கள் என்று இரண்டு வருஷத்துக்கு முன்பு ஒரு கடிதம் போட்டேன், நீங்கள் வெளியிடவில்லை. புது ரயில் விட்டால் மட்டும் அட்டைப்படம் வருகிறது.

சரி, இப்போது கேட்பது சின்ன உதவிதான். அடுத்த இதழில் ஒரு ஓரமாகக் கட்டம் கட்டிப் போடுங்கள். இறந்தவரின் சட்டை, பை, போன் எல்லாவற்றையும் போலீசிடம் பட்டியல் எழுதி வாங்க வேண்டும், போனில் எடுத்த டிக்கெட் என்றால் அந்தப் போனை அழித்துவிடக் கூடாது. மனுவை ஒரு வருஷத்துக்குள் போட வேண்டும், தாமதமானாலும் தகுந்த காரணம் காட்டினால் ஏற்க வழியுண்டு. விபத்து எங்கே நடந்திருந்தாலும், குடியிருக்கும் ஊருக்கான தீர்ப்பாய அமர்விலேயே மனு போடலாம்.

அந்தக் கட்டத்திலாவது ‘எளிதில்’ வேண்டாம்.

— ஒரு பழைய வாசகர், விழுப்புரம்