மேலூரின் குன்றுகளுக்குக் கீழே கண்மாய்கள் இருக்கின்றன

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். மதுரை மாவட்டத்தின் வட்டங்களை வாரம் ஒன்றாக அறிமுகம் செய்துவரும் தங்கள் ஞாயிறு இணைப்பில், சென்ற வாரம் எங்கள் மேலூர் வட்டத்துக்கு முக்கால் பக்கம் கொடுத்திருந்தீர்கள். அதில், "பாறைக் குன்றுகளைத் தவிர இயற்கை வளம் ஏதுமின்றி, பெரியாற்றுத் தண்ணீரை மட்டுமே நம்பிக் காலம் தள்ளும் வறண்ட வட்டம்" என்று ஒரு வரி இருந்தது. பல ஆண்டுகளாகத் தங்கள் நாளிதழை வாங்கி வாசிக்கும் எங்களுக்கு, எங்கள் ஊரைப் பற்றித் தாங்கள் இவ்வளவுதான் தெரிந்துவைத்திருக்கிறீர்கள் என்பது மிகுந்த மனவருத்தத்தைத் தந்தது.

குன்றைத் தவிர வளம் இல்லை என்கிறார் கட்டுரையாளர். எங்கள் வளம் தொடங்குவதே குன்றில்தான். மொட்டைப் பாறையில் விழும் மழை உள்ளே இறங்காது. வழிந்து அடிவாரத்துக்கு வந்துவிடும். பாறை வெடிப்புகளில் இறங்கிய கொஞ்சம், சுனையாகவும் ஊற்றாகவும் மாதக்கணக்கில் கசியும். வழிந்து வந்ததை அடிவாரத்துக் கண்மாய் பிடித்துக்கொள்ளும். அது நிறைந்து, மிகைநீர் வழியும் கலுங்கு பாய்ந்தால் அடுத்த கண்மாய், அதற்குக் கீழே இன்னொன்று. அரிட்டாபட்டியில் ஏழு குன்றுகள், 72 நீர்நிலைகள், 200 ஊற்றுகள், 3 தடுப்பணைகள் என்று கணக்குச் சொன்னது தமிழக அரசு. 2022 நவம்பரில் அரிட்டாபட்டியையும் மீனாட்சிபுரத்தையும் சேர்த்து 193.21 ஹெக்டேரை மாநிலத்தின் முதல் பல்லுயிர்ப் பாரம்பரியத் தலமாக அறிவித்ததும் அதே அரசுதான். அந்தச் செய்தி தங்கள் நாளிதழிலேயே வந்தது. தங்கள் அலுவலகத்துக் கோப்பைப் புரட்டியிருந்தால்கூட அந்த வரி எழுதப்பட்டிருக்காது.

அடுத்து பெரியாற்றுத் தண்ணீர். அதன் அருமையை எங்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. 1895 முதல் அந்தத் தண்ணீரை உண்டு வளர்ந்த ஊர்கள் இவை. ஆனால் அது எப்படி வருகிறது என்று கட்டுரையாளர் விசாரித்திருக்க வேண்டும். முல்லைப் பெரியாறு அணையிலிருந்து வைகையில் சேரும் அந்தத் தண்ணீர், வைகை அணையில் திறந்து, ஆற்றில் பேரணை என்ற இடம் வரை வந்து, அங்கிருந்து பெரியாறு பிரதானக் கால்வாயில் ஏறுகிறது. கள்ளந்திரி வரை 45,041 ஏக்கர் இருபோகம். அதற்குக் கீழே மேலூர்ப் பகுதியின் 85,563 ஏக்கரும் ஒருபோகம். ஒருபோகத்துக்குச் செப்டம்பர் 15-ஐ ஒட்டித் திறக்க வேண்டும் என்பது கணக்கு. 120 நாள் தண்ணீர் என்றால், முதல் 45 நாள் முழுமையாக, மீதி 75 நாள் முறை வைத்து, அதாவது சில நாள் திறந்து சில நாள் அடைத்து.

இந்த 75 நாளில்தான் எங்கள் பாடு இருக்கிறது. முறை மாறி வாய்க்கால் காய்ந்து கிடந்தால், அடுத்து வரும் தண்ணீரில் பெரும்பங்கை வாய்க்கால் மண்ணே குடித்துவிடும். வாய்க்காலின் கடைசி வயல்களான கடைமடைக்குத் தண்ணீர் எட்டும்போது முறை முடிந்திருக்கும். அந்த இடைவெளியைக் கடக்க வைப்பது கண்மாய். முதல் 45 நாளில் மழையும் கால்வாயும் சேர்ந்து கண்மாயை நிரப்பிவிட்டால், முறைக்காலத்தில் மடையைத் திறந்து பயிரைக் காப்பாற்றலாம். நிரம்பாத வருஷம் கதிர் பால்பிடிக்கும் நேரத்தில் வயல் வெடித்து நெல் பதராகும். எங்கள் ஆயக்கட்டில், அதாவது கண்மாய்ப் பாசன நிலத்தில், இதை ஒவ்வொரு போகமும் பார்க்கிறோம். கண்மாய் இல்லாமல் கால்வாயால் மட்டும் இங்கே ஒருபோகம்கூட ஒழுங்காக விளையாது.

செங்கரும்பையே எடுத்துக்கொள்ளுங்கள். பொங்கல் வந்தால் மேலூர்ச் செங்கரும்பைப் பற்றித் தாங்களே வண்ணப்படத்துடன் செய்தி போடுகிறீர்கள். அது நீண்ட காலப் பயிர். சித்திரை, வைகாசியில் கரணை நட்டால்தான் மார்கழிக் கடைசியில் வெட்டலாம். நட்ட முதல் நான்கைந்து மாதம் கால்வாயில் சொட்டுத் தண்ணீர் கிடையாது. கிணற்றை நம்பித்தான் கரும்பு நிற்கிறது. அந்தக் கிணற்றுக்கு ஊற்று, கண்மாயிலிருந்து. பிறகு காய்ந்த தோகையை அவ்வப்போது உரிக்க வேண்டும், காற்றில் சாயாமல் கம்பு ஊன்றி வரிசை வரிசையாகக் கட்ட வேண்டும். சாய்ந்த கரும்பு கோணலாகும், கோணல் கரும்பை வியாபாரி கட்டில் சேர்க்கமாட்டார். வறண்ட வட்டம் என்று சொல்லிவிட்டால் இந்த விளைச்சலுக்கு யார் கணக்குச் சொல்வது?

ஒவ்வோர் ஆண்டும் அணை திறப்பன்று அதிகாரிகள் தண்ணீரில் பூத்தூவும் படமும் 'விவசாயிகள் மகிழ்ச்சி' என்ற தலைப்பும் தவறாமல் வருகின்றன. அந்தத் தண்ணீர் கடைமடைக்கு என்று வந்து சேர்ந்தது என்று ஒரு முறையாவது கேட்டு எழுதியிருக்கிறீர்களா? அணைகளின் நீர்மட்டம் தினமும் வருகிறது, கண்மாய்களின் இருப்பு வருவதே இல்லை. கோடையில் தண்ணீர் வற்றியதும் ஊர்ப் பெரியவர் கரையில் நின்று வெள்ளைத் துண்டை வீச, ஊத்தாவும் கச்சாவும் வலையுமாகச் சனம் இறங்கும் மீன்பிடித் திருவிழாவுக்குப் பாதிப் பக்கம் தருகிறீர்கள். அதே கண்மாயில் மடை உடைந்து கிடப்பதைப் பற்றி எழுதிய கடிதங்களுக்கு நான்கு வரி கிடைக்கவில்லை.

மடை எப்படிக் கெடுகிறது என்பதையும் சொல்லிவிடுகிறேன். பழைய குமிழித் தூம்பில், கண்மாய்க்குள் இரண்டு கல்தூண்கள் நிற்கும். குறுக்குக் கல்லில் உள்ள துளை வழியே கம்பு இறங்கி, அடியில் இருக்கும் கல்தொட்டியின் வாயை அடைத்திருக்கும். கம்பைத் தூக்கினால் மேலே உள்ள நீரோடித் துளையில் தண்ணீரும், அடியில் உள்ள சேறோடித் துளைகளில் வண்டல் கலந்த தண்ணீரும் இறங்கும். கண்மாயில் சேறு தங்காது, வயலுக்கு உரமும் போகும். இதை எடுத்துவிட்டுத் திருகு ஷட்டர் வைத்த இடங்களில் வண்டல் வாசலிலேயே தேங்கியது. திருகாணி துருப்பிடித்துப் பாதியில் நின்றால் திறக்கவும் முடியாது, மூடவும் முடியாது.

இதைவிடப் பெரிய கேடு மண் அள்ளுவது. கண்மாய் வண்டலான கரம்பை எடுக்க அனுமதி வாங்கிக்கொண்டு, இயந்திரத்தை விட்டு மடைவாசலுக்குப் பக்கத்திலேயே ஆள் மட்டத்துக்கும் கீழே தோண்டுகிறார்கள். மடையின் அடிமட்டத்துக்குக் கீழே நிற்கும் தண்ணீர் ஒரு வயலுக்கும் ஏறாது. கண்மாய் பார்க்க நிறைந்திருக்கும், ஆயக்கட்டு காய்ந்திருக்கும். களிமண் படுகையை வெட்டிவிட்டால் கீழே இருக்கும் மணல் வழியாகத் தண்ணீர் நிற்காமல் இறங்கியும் போய்விடும். கண்மாயின் நீர்பிடிப் பகுதியான உள்வாயில் ஆக்கிரமித்துப் பயிர் செய்கிறவர்கள் தங்கள் நிலம் மூழ்கக் கூடாது என்று கலுங்கை இரவோடு இரவாக இடித்துத் தாழ்த்துவதும், வரத்துக்கால்களைச் சீமைக்கருவேலம் அடைத்து நிற்பதும் தாங்கள் அறிந்ததே.

குன்றை வெறும் பாறை என்று எழுதுவதன் விளைவு இதையெல்லாம்விடக் கொடியது. கீழவளவு, கீழையூர்ப் பக்கம் பாறைகளைக் கிரானைட்டாக அறுத்தார்கள். கழிவுக் கல்லைக் கண்மாயிலும் ஓடையிலும் கொட்டினார்கள். 2012-இல் மாவட்ட ஆட்சியராக இருந்த சகாயம் அதை அரசுக்கு அறிக்கையாகக் கொடுத்தார். 2014-இல் உயர் நீதிமன்றம் அதை விசாரிக்க அவரையே சட்ட ஆணையராக நியமித்தது. வெட்டி எடுத்த பள்ளங்கள் இன்றும் வேலி இல்லாமல் ஆழத் தண்ணீரோடு கிடக்கின்றன. பிறகு 2024 நவம்பரில் நாயக்கர்பட்டி டங்ஸ்டன் தொகுதி என்று 2,015.51 ஹெக்டேரை ஏலம் விட்டார்கள். அதற்குள் அந்தப் பல்லுயிர்த் தலமும் இருந்தது. 2025 ஜனவரி 7 அன்று நரசிங்கம்பட்டியிலிருந்து தல்லாகுளம் வரை விவசாயிகள் பேரணியாக வந்த பிறகு, அதே மாதம் 23-ஆம் தேதி மத்திய அரசு அந்த ஏலத்தை ரத்து செய்தது. அந்தப் போராட்டத்தை விரிவாக வெளியிட்ட தாங்களே இப்போது இப்படி எழுதலாமா? நாளை யாராவது மறுபடியும் சுரங்கம் கேட்டு வந்தால் தங்கள் கட்டுரையைத்தானே எடுத்துக் காட்டுவார்கள்.

வரலாற்றுக்குக் கட்டுரையில் இரண்டு வாக்கியம் ஒதுக்கியிருந்தார்கள். மாங்குளம் மீனாட்சிபுரத்துக் குன்றின் குகைகளில் நெடுஞ்செழியன் பெயரும், கணி நந்தன் என்ற சமணத் துறவியின் பெயரும், வெள்ளறை வணிகக் குழுவின் பெயரும் தமிழ்ப் பிராமியில் வெட்டப்பட்டிருக்கின்றன. 1882-இல் ராபர்ட் சீவெல் கண்டறிந்தார், கே.வி. சுப்பிரமணிய ஐயர் 1924-இல் அவற்றின் மொழி தமிழே என்று எடுத்துச் சொன்னார். கீழவளவுப் பஞ்சபாண்டவர் மலையில் தொண்டிக்காரர் ஒருவர் கொடுத்த பள்ளி (சமணத் துறவிகளின் இருப்பிடம்) என்று எழுத்துகள் தலைகீழாகவும் திரும்பியும் வெட்டப்பட்ட கல்வெட்டு இருக்கிறது. கருங்காலக்குடியிலும் உண்டு. அரிட்டாபட்டிக் குடைவரையில், சிவனின் வடிவமாகக் கருதப்படும் இலகுலீசரின் சிற்பம் இருக்கிறது. கட்டுரையில் இவற்றில் ஒன்றுகூட இல்லை. தும்பைப்பட்டியில் பிறந்த கக்கன் பெயரும் இல்லை. 1959-இல் வைகை அணை திறக்கப்பட்டபோது பொதுப்பணித்துறை அமைச்சராக இருந்தவர் அவர். மேலவளவு ஊராட்சித் தலைவர் முருகேசனும் உடன் இருந்த ஐந்து பேரும் 1997 ஜூன் 30 அன்று தலித்துகள் என்பதற்காகக் கொல்லப்பட்டதும் இந்த வட்டத்தின் வரலாறுதான். அதை விட்டுவிட்டு எழுதுவதை எங்களால் ஏற்க முடியவில்லை.

தங்களிடம் கேட்பது சிறிய உதவிதான். வரும் ஞாயிறு இணைப்பில், அந்த வரி தவறானது என்று அதே பக்கத்தில் ஒரு திருத்தம் வெளியிடுங்கள். வரைபடத்தில் அரிட்டாபட்டியைச் சிவகங்கை மாவட்டத்துக்குள் குறித்திருக்கிறார்கள், அதையும் சரிசெய்து போடுங்கள். முடிந்தால் இந்த ஆண்டு ஒருபோகத் தண்ணீர் திறந்த பதினைந்தாம் நாள் கடைமடைக்கு ஒரு செய்தியாளரை அனுப்புங்கள். பகல் பதினொரு மணிக்குள் வரச் சொல்லுங்கள், அதற்கு மேல் நீர்பாய்ச்சிகள் வயலில் இருக்கமாட்டார்கள்.

இப்படிக்கு,
ஆயக்கட்டு விவசாயி ஒருவர்,
மேலூர் வட்டம், மதுரை மாவட்டம்.