பில்லி லிடெல் புத்தகம் அச்சுக்குப் போக இன்னும் 72,000 ரூபாய் வேண்டும்

வணக்கம். நாங்கள் ஐந்து பேர் மூன்று வருடமாக எழுதிவந்த, பழைய கால்பந்து ஆட்டக்காரர் பில்லி லிடெல் பற்றிய புத்தகம் முடிந்துவிட்டது. 160 பக்கம். மெய்ப்பு பார்த்தாகிவிட்டது, அட்டையும் தயார். அச்சுக்குக் கொடுக்கக் காசு போதவில்லை, அதைக் கேட்கத்தான் இதை எழுதுகிறோம்.

யார் அந்த லிடெல் என்று கேட்பவர்கள்தான் உங்களில் அதிகம் இருப்பீர்கள். அதனால் முதலில் அவரைப் பற்றிச் சொல்லிவிடுகிறோம், பணக்கணக்கு அப்புறம்.

ஸ்காட்லாந்தில், டன்ஃபெர்ம்லின் நகரத்தை ஒட்டி டவுன்ஹில் என்று ஒரு நிலக்கரிச் சுரங்கக் கிராமம். 1922 ஜனவரி 10 அன்று அங்கே ஒரு சுரங்கத் தொழிலாளியின் வீட்டில் பிறந்தார். 1938ல், பதினாறு வயதில், லிவர்பூல் கிளப் கூப்பிட்டது. அப்போது அந்த அணியில் ஆடிக்கொண்டிருந்த மேட் பஸ்பி, பின்னாளில் மான்செஸ்டர் யுனைடெட்டை வளர்த்தெடுத்த அதே பஸ்பிதான், இந்தப் பையனைப் பற்றிக் கேள்விப்பட்டுக் கிளப்பில் சொல்லியிருக்கிறார். ஆனால் வீட்டில் உடனே தலையாட்டிவிடவில்லை. கணக்காளர் படிப்பை விடக் கூடாது, அதற்கு வழி செய்தால் அனுப்புகிறோம் என்றார்கள். கிளப்பும் சரி என்றது. பந்து சோறு போடுமா என்று நம் வீடுகளில் கேட்கிற அதே கேள்வியைத்தான் அங்கேயும் கேட்டிருக்கிறார்கள்.

அந்த நிபந்தனை கடைசிவரை நின்றது. இங்கிலாந்தின் மிகப் பெரிய கிளப் ஒன்றின் நட்சத்திரமாக இருந்த காலம் முழுக்க அவர் ஒரு கணக்காளர் அலுவலகத்திலும் வேலை பார்த்தார். மற்றவர்கள் தினமும் பயிற்சிக்குப் போனபோது இவர் பேரேட்டோடு உட்கார்ந்திருந்தார், கிடைத்த நேரத்தில் பயிற்சி, சனிக்கிழமை மதியம் ஆட்டம். எங்கள் குழுவிலும் ஒருவர் ஆடிட்டர் ஆபீஸில் வேலை பார்க்கிறார், மார்ச் மாதத்தில் அவரைப் பிடிக்கவே முடியாது. இந்த அத்தியாயத்தை அவர்தான் எழுதினார். படித்துப் பார்க்கும்போது ஏன் அவர்தான் எழுத வேண்டும் என்று அடம்பிடித்தார் என்பது புரியும்.

அப்புறம் இரண்டாம் உலகப் போர் வந்தது. விமானப் படையில் வழிகாட்டும் நேவிகேட்டராகப் போனார். ஆட்டக்காரனுக்கு நல்ல வயசு என்று சொல்கிற பதினேழு முதல் இருபத்துமூன்று வரை போரே தின்றுவிட்டது. லீக்கில் முதல் ஆட்டம் ஆடியபோது வயது 24, வருடம் 1946, எதிரணி செல்சி. ஆட்டம் தொடங்கிய கொஞ்ச நேரத்திலேயே மைதானத்தின் மூலையிலிருந்து அவர் அடித்த கார்னர் யார் காலிலும் படாமல் நேராக வலைக்குள் போனது. 7-4 என்று லிவர்பூல் ஜெயித்தது.

அந்த சீசனின் முடிவு எங்களுக்கு மிகவும் பிடித்த பகுதி. அந்தக் குளிர்காலம் கடுமையாக இருந்ததால் ஆட்டங்கள் தள்ளிப்போய்த் தள்ளிப்போய் லீக் ஜூன் மாதம் வரை நீண்டது. லிவர்பூல் மே 31 அன்று வுல்வர்ஹாம்ப்டனில் போய் 2-1 என்று ஜெயித்துத் தன் கணக்கை முடித்துவிட்டது, ஆனாலும் சாம்பியன் யார் என்று தெரியாது, ஏனென்றால் ஸ்டோக் அணிக்கு ஷெஃபீல்டில் ஓர் ஆட்டம் பாக்கி, அதில் ஜெயித்தால் கோப்பை அவர்களுக்கு. இரண்டு வாரம் காத்திருந்தார்கள். ஜூன் 14 அன்று ஸ்டோக் ஷெஃபீல்டில் ஆடிக்கொண்டிருந்த நேரத்தில் லிவர்பூல் தன் சொந்த ஆன்ஃபீல்ட் மைதானத்தில் எவர்டனோடு வேறொரு உள்ளூர்க் கோப்பைக்காக ஆடிக்கொண்டிருந்தது. ஆட்டம் முடிவதற்கு முன்னாலேயே ஒலிபெருக்கியில் அறிவிப்பு வந்தது: ஸ்டோக் தோற்றுவிட்டது. பந்து யாரிடம் இருக்கிறது என்று அப்புறம் யார் பார்த்திருப்பார்கள்! லிடெல் தன் வாழ்நாளில் ஜெயித்த ஒரே லீக் பட்டம் அதுதான்.

அதே 1947 மே மாதம் கிளாஸ்கோவின் ஹாம்ப்டன் பார்க்கில் பிரிட்டன் அணி, மற்ற ஐரோப்பிய நாடுகளின் கலப்பு அணியோடு ஆடி 6-1 என்று ஜெயித்தது. இடது ஓரத்தில் லிடெல், வலது ஓரத்தில் ஸ்டான்லி மேத்யூஸ். 1955ல் பெல்ஃபாஸ்டில் மறுபடி அப்படி ஓர் ஆட்டம் நடந்தது, அதில் பிரிட்டன் 4-1 என்று தோற்றது. இரண்டு ஆட்டத்திலும் பிரிட்டனுக்கு ஆடியவர்கள் இரண்டே பேர், மேத்யூஸும் லிடெலும். மேத்யூஸ் பெயரை நம்மில் பலர் கேட்டிருக்கிறோம். லிடெல் பெயரைக் கேட்டதில்லை. இந்தப் புத்தகத்தை ஆரம்பித்ததே அதனால்தான்.

அவர் பெயர் நம் காதில் விழாததற்கு அவர் கிளப் கீழே போனதும் ஒரு காரணம். 1950ல், தோற்றால் வெளியே என்ற முறையில் இங்கிலாந்துக் கிளப்புகள் ஆடும் எஃப்.ஏ. கோப்பையின் இறுதி ஆட்டத்தில் ஆர்சனலிடம் 2-0 தோல்வி. 1954ல் லிவர்பூல் லீக்கின் கீழ்ப்பிரிவான இரண்டாம் டிவிஷனுக்கே இறங்கிவிட்டது. நடுவில் கொலம்பியாவின் பொகோட்டாவிலிருந்து பெரிய பணத்தோடு ஆள் பிடிக்க வந்தார்கள், சில இங்கிலாந்து ஆட்டக்காரர்கள் போகவும் செய்தார்கள், லிடெல் போகவில்லை. அந்தக் காலத்தில் இங்கிலாந்தில் ஓர் ஆட்டக்காரருக்கு வாரம் இவ்வளவுக்கு மேல் சம்பளம் கிடையாது என்று லீக்கே உச்சவரம்பு வைத்திருந்தது. போருக்கு முன் 8 பவுண்டு, 1958ல் 20 பவுண்டு, எவ்வளவு பெரிய ஆட்டக்காரராக இருந்தாலும் அவ்வளவுதான். 1961 ஜனவரியில் அந்த வரம்பை எடுத்தார்கள். லிடெல் தன் கடைசி லீக் ஆட்டத்தை ஆடி அப்போது ஐந்து மாதம் ஆகியிருந்தது.

1956ல் நடந்த ஒன்றை மட்டும் சொல்லிவிட்டுப் பணத்துக்கு வருகிறோம். எஃப்.ஏ. கோப்பையின் ஐந்தாம் சுற்று, ஆன்ஃபீல்டில் மறு ஆட்டம், மான்செஸ்டர் சிட்டி 2-1 என்று முன்னால். கடைசி நொடிகள். லிடெல் பந்தை வாங்கி ஓடுகிறார், ஓடி அடிக்கிறார், பந்து வலையில். சமன் செய்துவிட்டோம் என்று கூட்டம் கத்துகிறது. ஆனால் அவர் ஓடிக்கொண்டிருக்கும்போதே நடுவர் மெர்வின் கிரிஃபித்ஸ் கடைசி விசிலை ஊதிவிட்டிருந்தார், அந்தச் சத்தத்தில் அது யார் காதிலும் விழவில்லை. கோல் இல்லை, ஆட்டம் முடிந்தது. அந்த வருடக் கோப்பையையே சிட்டிதான் வாங்கியது.

இப்படி இருந்தும் ஊர் அவரைக் கைவிடவில்லை. லிவர்பூல் என்ற பெயரையே லிடெல்பூல் என்று மாற்றிக் கூப்பிட்டார்கள். மொத்தம் 534 ஆட்டம், 228 கோல். ஓரத்தில் ஆடுகிற ஆளுக்கு இது சாதாரணக் கணக்கு இல்லை. 1942ல் போர்க்கால ஸ்காட்லாந்து அணியில் அவரோடு சேர்ந்து ஆடிய பில் ஷாங்க்லிதான் 1959 டிசம்பரில் லிவர்பூலுக்கு மேனேஜராக வந்தார், அணியைப் புதுசாகக் கட்டினார், அந்தப் புது அணியில் முப்பத்தெட்டு வயது லிடெலுக்கு இடமில்லை. 1962ல் அணி மறுபடி முதல் டிவிஷனுக்கு ஏறியபோது அவர் பல்கலைக்கழகத்தில் கணக்கு வழக்கு பார்க்கும் பொறுப்பில் இருந்தார். 2001 ஜூலை 3 அன்று காலமானார். அவர் பாடுபட்டுத் தாங்கிப் பிடித்த கிளப்பின் பொற்காலம் அவர் ஆட்டத்தை விட்ட பிறகுதான் வந்தது என்பது எங்களுக்கு இன்னும் ஆறவில்லை.

சரி, பணம். 500 பிரதி அச்சிட 75,000 ரூபாய். பழைய புகைப்படங்கள் 12 எடுத்திருக்கிறோம், இணையத்தில் கிடைக்கிறது என்று அப்படியே எடுத்துப் போட மனமில்லை, உரிமைக் கட்டணம் 30,000. தபால் செலவு 15,000. ஆக 1,20,000. நாங்கள் ஐந்து பேரும் போட்டது 48,000, மீதி 72,000. எழுதியவர்களுக்கோ திருத்தியவர்களுக்கோ இதில் ஒரு பைசா கிடையாது. 300 பிரதி பள்ளி நூலகங்களுக்கும் கிளை நூலகங்களுக்கும் இலவசமாகப் போகும், மீதி 200 நன்கொடை தருபவர்களுக்கு. ஒரு பிரதியின் அச்சுச் செலவு 150 ரூபாய், அதைத் தந்தாலே போதும், ஒரு பள்ளிக்கூடத்தில் ஒரு புத்தகம் இருக்கும். 1,000 ரூபாயும் அதற்கு மேலும் தருபவர்களுக்கு ஒரு பிரதி வீட்டுக்கு வரும். பெயர் போட வேண்டாம் என்றால் சொல்லுங்கள், போட மாட்டோம்.

நாங்கள் பதிவு செய்த அமைப்பு இல்லை, வரிவிலக்கு ரசீது தர முடியாது. ஆனால் வந்த பணம், போன பணம் எல்லாவற்றையும் பில்லோடு சேர்த்து மாதக் கடைசியில் பணம் தந்த ஒவ்வொருவருக்கும் அனுப்புவோம். நம் ஆடிட்டர் ஆபீஸ் நண்பர்தான் கணக்கு எழுதுகிறார், ஒரு ரூபாய் இடித்தாலும் தூங்க மாட்டார். 72,000க்கு மேல் வந்தால் கூடுதல் பிரதி அச்சிடுவோம், அதுவும் நூலகங்களுக்கே.

விங்கர் என்பதற்குத் தமிழில் என்ன போடுவது என்று எங்களுக்குள் ஆறு மாதம் சண்டை நடந்தது. ஓர ஆட்டக்காரர், சிறகாளி என்று என்னென்னவோ போட்டுப் பார்த்தோம். கடைசியில் மைதானத்தில் பிள்ளைகள் என்ன சொல்கிறார்களோ அதுவே இருக்கட்டும் என்று விங்கர் என்றே விட்டுவிட்டோம். உங்கள் ஊரில் வேறு நல்ல சொல் புழங்கினால் சொல்லுங்கள், பக்கம் பூட்டுவதற்கு இன்னும் பத்து நாள் இருக்கிறது.

குழுவில் உங்களுக்கு யாரைத் தெரியுமோ அவரிடம் கேளுங்கள், வங்கிக் கணக்கு விவரம் தருவார். அச்சகத்தில் இந்த விலையை இந்த மாதக் கடைசி வரைதான் தருவதாகச் சொல்லியிருக்கிறார்கள், அதற்குள் அனுப்பினால் நல்லது. பணம் முடியாதவர்கள் உங்கள் பக்கத்துப் பள்ளி நூலகத்தில் இதை வாங்கி வைத்துக்கொள்வார்களா என்று ஒரு வார்த்தை கேட்டு எழுதுங்கள், 300 முகவரியில் இதுவரை 110தான் சேர்ந்திருக்கிறது.