ஒக்டோபரில் வர வேண்டாம்

பண்டாரவளை

அன்பு மகளுக்கு,

அப்பா எழுதுவது. நீ அனுப்பிய, ஹொலிவூட் இயக்குநர் பில்லி வைல்டரின் படங்களைப் பார்த்து முடித்தேன். புகழையும் பத்திரிகையையும் வெறுத்த மனிதர் என்று உன் ஆய்வில் எழுதியிருக்கிறாய். எனக்கு அதில் உடன்பாடில்லை. வெறுப்பு மட்டும் இருந்தால் இவ்வளவு நுணுக்கமாக எடுக்க வராது. வியன்னாவிலும் பெர்லினிலும் நிருபராகத் திரிந்தவர், 1933-இல் ஹிட்லர் வந்ததும் ஜெர்மனியை விட்டுத் தப்பியவர். செய்தி எப்படிச் சமைக்கப்படுகிறது என்று அந்த அடுப்படியிலேயே இருந்து பார்த்திருக்கிறார்.

'சன்செட் புளவார்ட்' (1950) பற்றி நன்றாகவே எழுதியிருக்கிறாய். ஒன்றைச் சேர்த்துக்கொள். மறக்கப்பட்ட நடிகைக்கு வரும் ரசிகர் கடிதங்களை அவளுடைய வேலைக்காரரே எழுதுகிறார் அல்லவா? அவராக நடித்த எரிக் வான் ஸ்ட்ரோஹைம், ஊமைப்படக் காலத்தில் அதே குளோரியா ஸ்வான்சனை வைத்துப் படம் எடுத்த இயக்குநர். அது தெரிந்த பிறகு அந்தக் காட்சியை என்னால் இன்னொரு முறை பார்க்க முடியவில்லை.

ஆனால் என்னைத் தூங்கவிடாத படம் 'ஏஸ் இன் த ஹோல்' (1951). குகைக்குள் மண் சரிந்து ஒருவன் சிக்கிக்கொள்கிறான். ஒரு நாளுக்குள் வெளியே எடுத்துவிடலாம். தன் செய்தி இன்னும் சில நாள் ஓட வேண்டும் என்று நிருபன் மலை உச்சியிலிருந்து துளை போட வைக்கிறான். கூட்டம் சேர்கிறது, ராட்டினம் வருகிறது, நுழைவுக் காசு ஏறிக்கொண்டே போகிறது. உள்ளே கிடந்தவன் செத்ததும் எல்லோரும் மூட்டை கட்டிவிடுகிறார்கள். குப்பை பறக்கும் வெட்டையில் தகப்பன் மட்டும் நடக்கிறார். அமெரிக்காவில் அந்தப் படம் ஓடவில்லை. வேடிக்கை பார்க்க வந்த கூட்டத்தையே திரையில் காட்டினால் யார் காசு கொடுத்துப் பார்ப்பார்கள்?

நமக்கு அது அந்நியக் கதை இல்லை. 2014 ஒக்டோபர் 29 காலையில் கொஸ்லந்தை மீரியபெத்தைத் தேயிலைத் தோட்டத்தில் மலை சரிந்து தொழிலாளர் குடியிருந்த லயங்களை மூடியது. அப்போது நீ சின்னப் பிள்ளை. அரிசியும் துணியும் கொண்டுபோனவர்களோடு நானும் போனேன். ஒரு தாய் சேற்றிலிருந்து ஒரு பள்ளிக்கூடக் கொப்பியை எடுத்துச் சேலைத் தலைப்பால் துடைத்துக்கொண்டிருந்தார். பக்கத்தில் நின்ற கமராக்காரர், படம் சரியாக விழவில்லை, மறுபடி சேற்றில் வைத்து எடுங்கள் என்றார். அவரும் வைத்தார், மகளே. மறுத்து ஒரு வார்த்தை சொல்லவில்லை. துரை சொன்னாலும் கங்காணி சொன்னாலும் செய்தே பழகிய கை அது.

முதலில் நூற்றுக்கணக்கானோர் புதைந்தார்கள் என்றார்கள், பிறகு அந்த எண்ணிக்கை வெகுவாகக் குறைந்தது. அந்த மலை ஆபத்தானது என்று 2005-இலும் 2011-இலும் எச்சரிக்கை விடப்பட்டிருந்தது. அப்போது இத்தனை கமரா வரவில்லை. தப்பியவர்கள் பலர் மூடிக்கிடந்த ஒரு தேயிலை ஸ்டோரில், அதாவது தொழிற்சாலையில், மாதக்கணக்கில் இருந்தார்கள். 2016-இல்தான் பூனாகலைப் பக்கம் வீடு கிடைத்தது. எனக்குத் தெரிந்தவரை அந்த நடுக்காலம்தான் யாரும் சரியாகச் சொல்லாத கதை.

நினைவு நாளன்று வந்து படம் பிடிக்கப்போவதாக எழுதியிருக்கிறாய். அன்று வர வேண்டாம். அன்று ஆளுக்கொரு கமராவோடு நிற்பார்கள். கேட்டவர்களுக்கெல்லாம் சொல்லிச் சொல்லி மனப்பாடமான பதில்தான் உனக்கும் கிடைக்கும். தை பிறந்த பிறகு வா. அந்தியில் கொழுந்தை எடை போட்டுக் கொடுத்துவிட்டு வீட்டுக்கு வந்திருப்பார்கள், உட்கார்ந்து பேசலாம். வேலைக்கு எவ்வளவு தூரம் நடக்கிறார்கள், வீட்டு உறுதிப்பத்திரம் கையில் இருக்கிறதா, பிள்ளைகள் எந்தப் பள்ளிக்கூடம் போகிறார்கள் என்று கேள். அவர்களாக எதையாவது சொல்லத் தொடங்கினால் குறுக்கே பேசாதே.

முதல் தடவை கமரா இல்லாமல் போவோம், நானும் கூட வருகிறேன். பூனாகலை பஸ் நேரத்தைக் கேட்டு வைக்கிறேன். தையில் இங்கே குளிர் கடுமையாக இருக்கும், கம்பளிச் சட்டையை மறக்காமல் கொண்டு வரும்படி அம்மா சொல்லச் சொன்னாள்.

அன்புடன்,
அப்பா