ஜன்னல் வழியாகப் பார்ப்பதை நிறுத்தக் கோரும் மூன்றாவது மனு

அனுப்புநர்:
பணியாளன், லாங்வுட் இல்லம், செயின்ட் ஹெலினா தீவு.

பெறுநர்:
மேதகு ஆளுநர் அவர்கள், பிளான்டேஷன் ஹவுஸ், செயின்ட் ஹெலினா தீவு.

நாள்: 1819 செப்டம்பர், முதல் வாரம்.

பொருள்: எங்கள் எஜமானர் நெப்போலியனைக் காவல் அதிகாரி தினமும் இருமுறை கண்ணால் பார்த்தே ஆக வேண்டும் என்ற உத்தரவைத் தளர்த்தக் கோருதல் – ஏற்கெனவே இரண்டு முறை மனு கொடுத்தும் பதில் வராதது – தொடர்பாக.

ஐயா,

வணக்கம். இதே விஷயமாகப் போன ஆண்டு ஒரு மனுவும் இந்த ஜூன் மாதம் ஒரு மனுவும் கொடுத்திருக்கிறேன். முதல் மனுவில் 'பேரரசர்' என்று எழுதியிருந்தேன்; அந்த ஒரு சொல்லுக்காக அது திரும்பி வந்துவிட்டது. இரண்டாவதில் அந்தச் சொல்லை எடுத்துவிட்டேன். அதற்குப் பதிலே இல்லை. இந்த மனுவிலும் 'எஜமானர்' என்றே எழுதுகிறேன். தாங்கள் சொல்வது போல 'ஜெனரல் பொனபார்ட்' என்று எழுத மட்டும் எனக்குக் கை வரவில்லை. அதைத் தாங்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

1. லாங்வுட் எப்படிப்பட்ட இடம் என்று தங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. தென்கிழக்குக் காற்று ஓயாமல் அடித்து மரங்களெல்லாம் ஒரே பக்கமாகச் சாய்ந்து நிற்பதைத் தாங்களே பார்த்திருக்கிறீர்கள். தாங்கள் இருக்கும் பக்கம் வெயில் அடிக்கும் நாளிலும் இங்கே மூடுபனி விலகாது. துவைத்த துணி மூன்று நாளானாலும் காய்வதில்லை. சீட்டுக்கட்டு ஈரத்தில் ஒட்டிக்கொள்வதால் அடுப்பில் காட்டித்தான் விளையாட வேண்டியிருக்கிறது. எலித் தொல்லை தனி. ஒரு நாள் எஜமானர் தொப்பியை எடுக்கப் போனபோது அதற்குள்ளிருந்து ஒரு எலி குதித்து ஓடியது. இதையெல்லாம் நாங்கள் பொறுத்துக்கொண்டோம். இந்த மனு அதைப் பற்றியது அல்ல.

2. காவல் வேண்டாம் என்றும் கேட்கவில்லை. 1815 பிப்ரவரியில், முன்பு நாடுகடத்தி வைத்திருந்த எல்பா தீவிலிருந்து எஜமானர் கிளம்பிப் போனது உலகத்துக்கே தெரியும். அந்தப் பயம் தங்களுக்கும் லண்டனில் இருக்கும் அமைச்சர் பாதர்ஸ்ட் பிரபுவுக்கும் இருப்பது நியாயம்தான். டெட்வுட் மேட்டில் பட்டாளம் இருக்கிறது. கடலில் கப்பல்கள் சுற்றுகின்றன. இருட்டினால் காவலர்கள் வீட்டுச் சுவர் வரை நெருங்கி வந்து நிற்கிறார்கள். மிக அருகில் இருக்கும் ஆப்பிரிக்கக் கரையே 1,200 மைல். இதற்கு மேல் ஒரு மனிதர் எங்கே போவார்?

3. எங்களால் தாங்க முடியாதது இந்தப் பார்வைதான் ஐயா.

காலையில் ஜன்னல் கதவுகளைத் திறப்பதும் அந்தியில் சாத்துவதும் என் வேலை. ஆகஸ்ட் மாதம் முழுக்க, எஜமானர் இருக்கும் இரண்டு சின்ன அறைகளின் ஜன்னல்களை நான் திறக்கவே இல்லை. திறந்தால் வெளியே காவல் அதிகாரியான கேப்டன் நிற்பார். பாவம், அவர் மேல் எங்களுக்குக் கோபம் இல்லை. பார்த்தேன் என்று தினமும் எழுதிக் கொடுக்காவிட்டால் அவருக்குத்தான் பொல்லாப்பு. அதற்காகப் பத்து மணி நேரம், பன்னிரண்டு மணி நேரம் ஈரப் புல்லில் வீட்டைச் சுற்றிச் சுற்றி வருகிறார். அவர் பூட்ஸ் சத்தத்தை வைத்தே எந்தப் பக்கம் நிற்கிறார் என்று எங்களால் சொல்ல முடியும். சத்தம் கேட்டதும் உள்ளே பேச்சு நின்றுவிடும். எஜமானர் கையில் இருக்கும் புத்தகத்தை மூடிவிட்டு, சத்தம் நகரும் வரை அப்படியே உட்கார்ந்திருப்பார். ஐரோப்பாவையே நடுங்க வைத்தவர், ஒருவருடைய காலடி ஓசை விலகட்டும் என்று மூச்சடக்கி உட்கார்ந்திருப்பதைப் பக்கத்தில் நின்று பார்க்கிற எங்களுக்கு எப்படி இருக்கும்?

ஜன்னல் கதவில் அவர் தம் கத்தியால் இரண்டு துளை போட்டிருக்கிறார். ஒன்று நின்றுகொண்டு பார்க்க, இன்னொன்று உட்கார்ந்துகொண்டு பார்க்க. தொலைநோக்கியை அதில் வைத்துத்தான் வெளியே என்ன நடக்கிறது என்று பார்க்கிறார். அன்று ஜன்னல் விளிம்பில் விழுந்து கிடந்த மரத்தூளை நான்தான் துடைத்தேன். அதைக் கையில் அள்ளியபோது எனக்கு அழுகை வந்துவிட்டது. அவர் உலகம் அந்த இரண்டு துளை அளவுக்குச் சுருங்கிப் போயிற்று.

அப்புறம், குளியல் தொட்டி. வலப்பக்க விலாவில் வலி வரும்போதெல்லாம் அவருக்கு வெந்நீர் ஒன்றுதான் ஆறுதல். மணிக்கணக்கில் கழுத்தளவு நீரில் கிடப்பார். அங்கேயும் ஜன்னல் வழியாகப் பார்த்து, 'இன்று குளியல் தொட்டியில் கண்டேன்' என்று குறிப்பு எழுதியாகிவிட்டது. குளிக்கிற மனிதரை எட்டிப் பார்த்துத்தான் ஒரு பேரரசு தன் பாதுகாப்பை உறுதி செய்துகொள்ள வேண்டுமா? தங்கள் வீட்டில் நோயாளி ஒருவர் இருந்தால் தாங்கள் இதை அனுமதிப்பீர்களா?

போன மாதம், கதவைத் திறக்காவிட்டால் உடைத்துக்கொண்டு உள்ளே வருவோம் என்று சொல்லப்பட்டது. முதலில் வாசற்படியில் கால் வைப்பவரைச் சுடுவேன் என்று எஜமானர் சொல்லிவிட்டார். அவர் சொன்னால் செய்வார். அந்த இரவு யாரும் தூங்கவில்லை. துப்பாக்கிகள் சுவரோரம் இருந்தன. நாங்கள் தாழ்வாரத்தில் உட்கார்ந்திருந்தோம்.

தயவுசெய்து இதை நிறுத்துங்கள். எஜமானரோடு இருக்கும் பெர்ட்ரான் பிரபுவோ மோந்தோலோன் பிரபுவோ, 'எஜமானர் இங்கேதான் இருக்கிறார்' என்று தினமும் கையெழுத்துப் போட்டுத் தரட்டும். அது போதாதா?

4. வைத்தியர். ஓமீரா அவர்களை 1818 ஜூலையில் வேலையிலிருந்து நீக்கித் தீவை விட்டு அனுப்பினீர்கள். இந்த ஜனவரியில் எஜமானர் மயங்கி விழுந்தபோது கப்பலிலிருந்து ஸ்டோகோ அவர்கள் வந்து பார்த்து, ஈரல் நோய் என்று எழுதினார். அதற்கு ராணுவ நீதிமன்றத்தில் நிறுத்தி, சில நாட்களுக்கு முன்புதான் அவரை வேலையை விட்டே நீக்கியிருக்கிறார்கள். 'ஜெனரல்' என்று எழுதாமல் 'நோயாளி' என்று எழுதியதும் குற்றப் பட்டியலில் ஒன்றாம். நோயாளியை நோயாளி என்று எழுதக் கூடாது என்றால் வேறு என்னதான் எழுதுவது? இனி எந்த வைத்தியர் தைரியமாக இந்த வாசலுக்கு வருவார்?

5. ஐயா, ஒன்று சொல்கிறேன், கோபித்துக்கொள்ளாதீர்கள். 1816 ஏப்ரலிலிருந்து ஆகஸ்ட் வரை ஆறே ஆறு முறை தாங்களும் அவரும் பேசியிருக்கிறீர்கள். கடைசியாக ஆகஸ்ட் 18ஆம் தேதி தோட்டத்தில் அவர் தங்களிடம் கடுமையாகப் பேசினார். போர்க்களத்தில் படை நடத்தியறியாதவர், வெறும் எழுத்து வேலை பார்த்தவர் என்று அட்மிரல் முன்னிலையிலேயே சொன்னார். எந்த மனிதருக்கும் அது வலிக்கும். நான் மறைக்கவில்லை. ஆனால் அதன் பிறகு மூன்று ஆண்டுகளாகத் தாங்கள் இருவரும் முகத்துக்கு முகம் பார்க்கவே இல்லை. நேரில் பார்க்காத ஒருவரை இன்னொருவர் கண்ணைக் கொண்டு தினமும் பார்க்கச் சொல்கிறீர்கள்! அவரோ கதவைச் சாத்திக்கொண்டே தங்களை ஜெயிக்கப் பார்க்கிறார். நடுவில் நடைப்பயிற்சி இல்லை, குதிரையேற்றம் இல்லை, வெளிச்சம் இல்லை. கால் வீங்குகிறது, ஈறு வீங்குகிறது, முகம் மெழுகு மாதிரி வெளுத்துக் கிடக்கிறது. யார் ஜெயித்தாலும் சாகப் போவது அவர்தானே.

6. எஜமானரோடு இந்தத் தீவுக்கு வந்தவர்கள் ஒவ்வொருவராகப் போய்விட்டார்கள். லாஸ் கேஸ் பிரபுவைத் தாங்கள் அனுப்பினீர்கள். கூர்கோ தாமே போனார். சிப்ரியானியைப் போன ஆண்டு புதைத்தோம். இந்த ஜூலையில் மோந்தோலோன் சீமாட்டியும் குழந்தைகளோடு கப்பல் ஏறிவிட்டார்கள்.

7. பேரரசர் – ஆம், எழுதிவிட்டேன், அடித்துத் திருத்தப் போவதில்லை – பேரரசர் தப்பி ஓட மாட்டார். ஓடக்கூடிய உடம்பு அவரிடம் இல்லை. இதைத் தெரிந்துகொள்ள ஜன்னல் தேவையில்லை. ஒரு வைத்தியரை அனுப்பினால் போதும்.

ஆகவே, நாளுக்கு இருமுறை கண்ணால் பார்க்க வேண்டும் என்ற உத்தரவை நிறுத்தி, பிரபுக்களின் கையெழுத்தை ஏற்றுக்கொள்ளுமாறும், அவருக்கு நம்பிக்கையுள்ள வைத்தியரை எந்த நிபந்தனையும் இல்லாமல் அனுமதிக்குமாறும் தங்களைத் தாழ்மையுடன் வேண்டிக் கேட்டுக்கொள்கிறேன். இரண்டையும் ஒரேயடியாகச் செய்ய முடியாவிட்டால், முதலில் ஜன்னலையாவது விட்டுவிடுங்கள் ஐயா. அந்தக் கதவுகளை நான் திறக்க வேண்டும். அறைக்குள் காற்று வர வேண்டும்.

பதிலைத் தபாலில் அனுப்ப வேண்டியதில்லை. வாயிற்காவலரிடம் ஒரு வரி சொல்லி அனுப்பினாலும் நான் வந்து கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் உத்தரவை எதிர்பார்க்கும்
லாங்வுட் இல்லப் பணியாளன்.

பி.கு.: இதை எழுதி முடிக்கும்போது வெளியே தூறல். கேப்டன் மேற்குப் பக்க ஜன்னலுக்கு வந்துவிட்டார்.