பையில் பன்னிரண்டு புளியங்கொட்டை

செல்லூர், மதுரை

அன்புள்ள மாப்ளைக்கு,

உன் கடிதம் கிடைத்தது. மகனுக்கு வேலை கிடைத்ததும், தங்கச்சிக்கு முழங்கால் வலி குறைந்ததும் படித்து மனசு நிறைந்தது.

இங்கே அக்கா பேத்தி பத்தாம் வகுப்பு. நிகழ்தகவுப் பாடத்தை என்னிடம்தான் படிக்கிறாள். தாயம் ஆடுவதற்காக ஒரு பக்கம் தேய்த்து வைத்திருந்த புளியங்கொட்டை 3, தேய்க்காதது 9, எல்லாவற்றையும் மஞ்சப்பையில் போட்டுக் குலுக்கினேன். பார்க்காமல் ஒன்று எடுத்தால் தேய்த்தது வர வாய்ப்பு எவ்வளவு? “பன்னிரண்டில் மூணு, கால்” என்று உடனே சொல்லிவிட்டாள். அப்புறம் கையை விட்டாள். முதல் தடவையே தேய்த்த கொட்டை. மறுபடியும் அதேதான். “தாத்தா, தேய்ச்ச பக்கம் சொரசொரன்னு விரல்லயே தெரியுதே, இது எப்படி கால் ஆகும்?” என்றாள்.

எனக்குச் சந்தோஷம் தாங்கவில்லை மாப்ள. பன்னிரண்டும் கைக்கு ஒன்றுபோல இருந்தால்தானே 3-ஐ 12-ஆல் வகுக்க முடியும்? பாடம் நடத்துகிறவர்கள் பலரும் ஒரே வரியில் தாண்டிப் போகிற இடம் இது.

ஊர்ச் சபைக்கு ஆள் தேர்ந்தெடுத்த உத்திரமேரூர் குடவோலை முறையை எடுத்துச் சொன்னேன். பராந்தக சோழன் காலம், கி.பி. 921-ஆம் ஆண்டுக் கல்வெட்டு. குடத்தில் ஓலைகளைப் போட்டுக் குலுக்கி, உள்ளே இருப்பது இன்னதென்று அறியாத சிறுவனை எடுக்கச் சொல்வார்கள். அதை வாங்குகிறவர் ஐந்து விரலையும் விரித்து உள்ளங்கையில்தான் ஏற்க வேண்டும். எந்த ஓலைக்கும் தனிச் சலுகை வந்துவிடக் கூடாது என்பதில் எத்தனை கவனம் பார்! ஆனால் குடத்துக்குள் பெயர் போவதற்கே நிலமும் வீடும் படிப்பும் கேட்டார்கள். அதற்குப் பிறகுதான் வாய்ப்பு சமம். அதையும் அவளிடம் மறைக்கவில்லை.

பிறகு ஒரே அளவில் 12 சீட்டு வெட்டி, மூன்றில் சிவப்புப் புள்ளி வைத்து மடித்தோம். எடுத்ததைத் திரும்பப் போட்டுவிட்டால் எத்தனையாவது தடவையும் 1/4தான். நாலு தடவை வரவில்லை, அடுத்தது வந்தே தீரும் என்ற பேச்சுக்கு அங்கே இடமில்லை. திரும்பப் போடாவிட்டால் கணக்கு மாறுகிறது. முதலில் சிவப்பு வந்திருந்தால் அடுத்ததற்கு 2/11, வெறுஞ்சீட்டு என்றால் 3/11. கோயிலில் பூக்கட்டிப் பார்க்கிறோமே, சிவப்பும் வெள்ளையும், அது பாதிக்குப் பாதியா என்று அடுத்த கேள்வி. இரண்டு பொட்டலமும் ஒரே பருமனா என்று முதலில் பார் என்றேன்.

இப்போது திரும்பப் போடாமல் இரண்டு சீட்டு எடுத்தால் குறைந்தது ஒன்றாவது சிவப்பாக வர எவ்வளவு வாய்ப்பு என்பதில் நிற்கிறாள். இரண்டுமே வெறுஞ்சீட்டாக வருவது 9/12 × 8/11, அதாவது 6/11. அதை ஒன்றிலிருந்து கழித்தால் 5/11. இந்த மாதிரி நாலைந்து கணக்கு உன் கையால் எழுதி அனுப்பு. நீ கேட்டால் இன்னும் ஆசையாகப் போடுவாள்.

அன்புடன்,
உன் மாப்ள